கடைசிப் பக்கத்துச் சித்தப்பா

இன்றைக்கும் பேப்பர் கையில் கிடைத்தால் நான் கடைசிப் பக்கத்திலிருந்துதான் தொடங்குவேன். என் மகள் சிரிக்கிறாள். எல்லாம் போனில் வரும்போது இந்த அம்மாவுக்குப் பேப்பர் எதற்கு என்று கேட்கிறாள். பர்மாவில், ரங்கூனை ஒட்டிய இன்சீன் ரயில்வே குவார்ட்டர்ஸில் சின்ன வயதில் ஒட்டிக்கொண்ட பழக்கம், இனி எங்கே போய் மாற்றுவது?

கடை, மில், பேப்பர் எல்லாமே அரசாங்கத்துடையதாக இருந்த காலம் அது. எங்கள் லைன் வீடுகளுக்கெல்லாம் சேர்த்து ஒரே ஒரு பேப்பர். முதலில் எங்கள் வீட்டுக்கு வரும். அப்பா ஒர்க்‌ஷாப்பிலிருந்து வந்து குளித்துவிட்டு உட்கார்ந்ததும் நான் வாசித்துக் காட்டவேண்டும். அப்பாவுக்கும் அம்மாவுக்கும் பர்மிய மொழி தண்ணீர் பட்ட பாடாகப் பேச வரும், ஆனால் ஓர் எழுத்துகூட வாசிக்க வராது. பிறகு அதை வீடு வீடாகக் கொண்டுபோய், கடைசியில் பேட்டைத் தலைவர் வீட்டில் கொடுப்பேன். அவரை எல்லோரும் லூஜி என்பார்கள். பழைய பேப்பர்களைக் கசங்காமல் அடுக்கி வைப்பது அவர் பொறுப்பு.

எனக்குப் பர்மிய எழுத்தைச் சொல்லிக்கொடுத்தது சித்தப்பா. பெற்றோர் இல்லாத அந்தத் தம்பியை அப்பாவும் அம்மாவும்தான் வளர்த்தார்கள். அவர் காலேஜ் போகும் வரைக்கும் பேப்பர் வாசித்தது அவர்தான். வாசிப்பதோடு விடமாட்டார். போட்டோவில் நாட்டுத் தலைவருக்குப் பக்கத்தில் நேற்று நின்றவர் இன்றைக்கு நிற்கிறாரா என்று பார்க்கச் சொல்வார். நிற்கவில்லை என்றால் ஆள் காலி. ருஷ்யாவிலும் ஜனங்கள் இப்படித்தான் பேப்பர் பார்ப்பார்களாம், கப்பலில் போய்வந்த ஒருவர் சொன்னாராம்.

முதல் பக்கம் தினமும் ஒன்றுதான். தலைவர் ஓர் ஆலையைப் பார்வையிட்டு வேண்டிய அறிவுரைகளை வழங்கியிருப்பார். ஆலைகள் அறிவுரையில்தான் ஓடுகின்றன என்று நான் ரொம்ப நாள் நம்பிக்கொண்டிருந்தேன். "தேதியும் கடைசிப் பக்கமும்தான்மா நெசம்," என்பார் அப்பா. கடைசிப் பக்கத்தில் செத்தவர் பெயர், பெயர் மாற்றம், பிள்ளையை விலக்கி வைத்த விளம்பரம் எல்லாம் வரும். முன்னால் பொய், பின்னால் நிஜம் என்று நான் கணக்குப் பண்ணி வைத்திருந்தேன்.

ஒரு வருஷம் மாணவர்கள் அரசாங்கத்தை எதிர்த்து ஊர்வலம் போனார்கள். எங்கள் லைன் முனையில் நின்று நானே கண்ணால் பார்த்தேன், சித்தப்பா முன் வரிசையில் போனார். மறுநாள் பேப்பரை வரி விடாமல் தேடினேன். ஊர்வலமே இல்லை. தலைவர் ஒரு செங்கல் சூளையைப் பார்வையிட்டிருந்தார். இது எப்படி என்று அம்மாவைக் கேட்டதற்கு, "வாயை மூடிக்கிட்டு இருடி," என்றார்.

சித்தப்பா அதன்பிறகு வீட்டுக்கு வரவில்லை. லூஜிதான் வந்தார். பொல்லாத ஆளில்லை, ஆனால் மேலே பதில் சொல்லவேண்டியவர். தேடப்படுகிறவன் இந்த வீட்டு ஆளாக இருக்கும்வரை குவார்ட்டர்ஸும் இல்லை, ஒர்க்‌ஷாப் வேலையும் இல்லை என்று மேலிடத்தில் சொல்லிவிட்டார்களாம். அவன் நம் ஆள் இல்லை என்று பேப்பரில் வந்துவிட்டால் தான் அதைக் காட்டிச் சமாளித்துக்கொள்வதாகச் சொல்லிவிட்டுப் போனார். வீடு போய்விடுமா என்ற பயம் மட்டும்தான் எனக்குப் புரிந்தது. மற்றப் பேச்சு காதில் ஏறவில்லை.

அடுத்த வாரம் ஒரு விடியற்காலையில் சித்தப்பா வந்தாராம். சமையலறையில் அப்பாவோடு பேசிவிட்டு, நான் எழுந்திருக்குமுன் போய்விட்டாராம். என்னை எழுப்பவில்லையே என்று அன்றெல்லாம் அம்மாவிடம் சண்டை பிடித்தேன்.

சில நாள் கழித்து அப்பா குளிக்காமல்கூட வந்து உட்கார்ந்து, கடைசிப் பக்கத்தை முதலில் வாசிக்கச் சொன்னார். செத்தவர்களை வாசித்தேன். பெயர் மாற்றிக்கொண்டவர்களை வாசித்தேன். அடுத்த கட்டத்தில் சித்தப்பாவின் பெயர் இருந்தது. வாசிப்பதை நிறுத்திவிட்டேன்.

"முழுசா வாசிம்மா," என்றார் அப்பா.

வாசித்தேன். பெற்றவர்களைப் போல் பாசம் வைத்து வளர்த்த அண்ணன், அண்ணியின் மனம் நோக நடந்துகொண்டதால், இன்றுமுதல் இவருக்கும் இந்தக் குடும்பத்துக்கும் எந்தச் சம்பந்தமும் இல்லை. கீழே அப்பாவின் பெயர். அந்த முதல் வரியை மட்டும் இன்னொரு தடவை வாசிக்கச் சொன்னார். வாசித்தேன். மறுபடியும் கேட்டார். "மாட்டேன் போங்கப்பா," என்று பேப்பரைத் தூக்கிக்கொண்டு எழுந்துவிட்டேன். ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. கடைசிப் பக்கத்தில் வந்துவிட்டதே, இனி அது நிஜமாயிற்றே!

லைன் முழுக்க இதைப் படித்துச் சித்தப்பாவைப் பற்றிப் பேசுமே என்று நினைத்தேன். அப்பாவின் சவர பிளேடை எடுத்து அந்தக் கட்டத்தைச் சுத்தமாக வெட்டி, முருகன் படத்துக்குப் பின்னால் செருகினேன். முருகன் பார்த்துக்கொள்வார். மீதிப் பேப்பரை வழக்கம்போல் வீடு வீடாகக் கொடுத்து, லூஜி வீட்டில் போட்டுவிட்டு வந்தேன்.

மறுநாள் லூஜி பேப்பரோடு வந்தார். அம்மா கொடுத்த வெறுந்தேநீரைத் தொடவில்லை. மேலிடத்துக்குக் காட்டவேண்டிய விளம்பரம் எங்கே என்று கேட்டார். வந்ததே, மகள் வாசித்துக் கேட்டேனே என்றார் அப்பா. லூஜி தாளை விரித்துத் தூக்கிப் பிடித்தார். ஓட்டை வழியாக அவருடைய ஒரு கண் தெரிந்தது. பிறகு பக்கத்தைத் திருப்பினார். பின்புறத்து உள்பக்கத்திலும் தலைவர், ஒரு சர்க்கரை ஆலையில் நின்று கை நீட்டி அறிவுரை வழங்கிக்கொண்டிருந்தார். கழுத்துக்கு மேலே ஒன்றுமில்லை.

அப்பாவின் முகத்தில் ஈயாடவில்லை. தம்பி ஊர்வலம் போனான், அண்ணன் தலைவரின் தலையையே எடுத்துவிட்டான் என்று ஆகியிருக்கும். அம்மா என்னைப் பார்த்தார். அந்தப் பார்வைக்கு மேல் நிற்க முடியாமல் ஓடிப்போய் முருகன் படத்தின் பின்னாலிருந்து துண்டை எடுத்துவந்து கொடுத்தேன்.

லூஜி அதை ஓட்டையில் பொருத்திப் பார்த்தார். அம்மா ஒரு பிடி சோறு கொண்டுவந்தார். பருக்கைகளை நசுக்கி லூஜியே ஓரம் ஓரமாகத் தடவி ஒட்டினார். தலைவருக்குத் தலை வந்தது. எங்கள் சித்தப்பா வீட்டை விட்டுப் போனார். பிறகு அக்கம்பக்கம் கேட்கும்படி விளம்பரத்தை உரக்க வாசித்து, தேநீரைக் குடித்து முடித்துக் கிளம்பினார். போகும்போது சந்தனம்போல் தனக்கா அரைத்துப் பூசியிருந்த என் கன்னத்தைக் கிள்ளி, "இனிமே பேப்பரைக் கண்ணால மட்டும் தொடு," என்று பர்மிய மொழியில் சொன்னார்.

வீடு தப்பியது. நான் அப்பாவுக்குப் பேப்பர் வாசிப்பதை நிறுத்திவிட்டேன். அவர் வற்புறுத்தவில்லை. சாயங்காலங்களில் தானே பேப்பரை விரித்துப் போட்டோக்களைப் பார்த்துக்கொண்டிருப்பார். சித்தப்பா எல்லை தாண்டிப் போனவர் திரும்பவில்லை. சில வருஷங்களில் அப்பாவும் இறந்துபோனார்.

இப்போது ராணுவ ஆட்சியில் இந்த ஊரில் மறுபடியும் பிள்ளைகளை விலக்கி வைக்கும் அதே மாதிரி விளம்பரங்கள் வரிசையாக வந்தபோது நான் ஒன்று விடாமல் வாசித்தேன். சொல் கேட்கவில்லை, மனம் வருந்தச் செய்தான், சம்பந்தமில்லை. எல்லாம் அச்சில் வார்த்த மாதிரி ஒன்றேபோல் இருந்தன. பாசம் வைத்து வளர்த்த கதை ஒன்றிலும் இல்லை. தன்னைப் பற்றி நல்லதாக ஒரு வார்த்தை சொல்லிக்கொள்ளத் தெரியாத மனுஷர் என் அப்பா. அவருக்கு எழுதவும் தெரியாது. எங்கள் வீட்டில் பர்மிய எழுத்துத் தெரிந்தவர்கள் இரண்டே பேர், சித்தப்பாவும் நானும். நான் எழுதவில்லை.

அந்த விடியற்காலையில் சமையலறையில் உட்கார்ந்து சித்தப்பா எழுதிக் கொடுத்துவிட்டுப் போயிருக்கிறார். தம்பி தனக்கு எழுதிய வரியைத்தான் அப்பா திரும்பத் திரும்ப வாசிக்கச் சொல்லியிருக்கிறார். வாசிக்கத் தெரிந்தவள் அப்போது வீட்டில் நான் ஒருத்திதான் இருந்தேன்.