பெல்ட்டை வெட்டச் சொன்னவள்

தெருவில் அவளுக்கு வெள்ளக்காரி என்று பெயர். நிறத்தைப் பார்த்து வைத்ததல்ல. வாயைத் திறந்தால் வெள்ளம் என்பாள்; அதனால் வந்தது.

தொழில், எரிந்துபோன மோட்டாருக்குச் செம்புக் கம்பியில் காயில் கட்டுவது. பட்டறை ஆற்றுக்கு அந்தப் பக்கம். வீடு இந்தப் பக்கம், தாழ்வான தெருவில். தண்ணீரில் மூழ்கிய மோட்டார்களை இருபது வருடமாகப் பிரித்துப் பார்க்கிறவளுக்கு, அந்தத் தெருவில் தண்ணீர் எவ்வளவு ஏறும் என்று யாரும் சொல்ல வேண்டியதில்லை.

மாதத்தின் முதல் ஞாயிறு வீட்டில் ஒத்திகை. மெயின் சுவிட்சை இறக்கிவிட்டு, குடிதண்ணீர், மருந்து, பத்திரங்களோடு மாடி அறைக்குப் போய்விட வேண்டும். கணவர் தையல்காரர். நிஜ வெள்ளத்தில் தையல் மெஷினின் தலையையும் மாடிக்குத் தூக்க வேண்டும்; ஒத்திகையில் அதைக் கழற்றுவதுபோல இரண்டு திருகுகளைத் தொட்டுக் காட்டினால் போதும். நாத்தனாருக்கு முழங்கால் மடங்காது. படியில் உட்கார்ந்து, கைகளை ஊன்றி, பின்பக்கமாகவே ஏற அவளைப் பழக்கியிருந்தாள். சிம்மாசனத்துக்குப் பின்பக்கமாக ஏறுகிற மகாராணி, தான் ஒருத்திதான் என்பாள் நாத்தனார். மொத்தம் பதினொரு நிமிடம்.

தொடங்கும்போது, “ஒத்திகை இல்ல, நெஜம்” என்பாள். அப்படிச் சொன்னால்தான் உடம்பு வணங்கும் என்று ஒரு நினைப்பு.

ஒரு செவ்வாய்க்கிழமை மதியம். இங்கே நல்ல வெயில். மழை எங்கோ மேற்கே. பட்டறை வாசலில் ஆறு கரையைத் தொட்டுக்கொண்டு ஓடியது. பாலத்தை மூடிவிட்டார்கள். வீட்டுக்கு போன் செய்தாள்.

“ஒத்திகை இல்லைங்க, நெஜம்.”

“ஞாயித்துக்கெழம பத்தாதுன்னு செவ்வாயும் ஆரம்பிச்சிட்டியா? ஒரு ஜாக்கெட்டுக்குக் கை வெச்சிட்டுப் போறேன்” என்றார் கணவர்.

சத்தியமாக நிஜம் என்றாள். அதையும் மாதாமாதம் சொல்லியிருந்தாள். போன மாதம் அழுதுகூடக் காட்டியிருந்தாள். மெஷின் ஓடும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

“கத்தரிய எடுங்க. மெஷின் பெல்ட்ட வெட்டுங்க.”

சத்தம் நின்றது. சக்கரத்திலிருந்து நழுவவிட்டாலே கழன்றுவிடும் பெல்ட். போன வாரம் வாங்கிய புதுத் தோல். அறுந்த நூலைக்கூட வீசாதவள் அதை வெட்டச் சொல்கிறாள்.

“வெட்டணுமா?”

“வெட்டுங்க. மொதல்ல அவள ஏத்துங்க.”

அவர் வெட்டவில்லை. தங்கையைத்தான் முதலில் ஏற்றினார்.

மூன்றாம் நாள் பாலம் திறந்ததும் இடுப்பளவு சேற்றுத் தடம் பதிந்த சுவர்களைக் கடந்து வந்தாள். மாடியில் கணவர் மெஷின் தலையை மேசைமேல் வைத்து, சக்கரத்தைக் கையால் சுற்றி அந்த ஜாக்கெட்டை முடித்துக்கொண்டிருந்தார்.

“ஒம்பது நிமிஷம் அண்ணி, எழுதிக்கோங்க” என்றாள் நாத்தனார்.

வெள்ளக்காரி அங்கேயே உட்கார்ந்துவிட்டாள். “பொய்யா சொல்லிச் சொல்லி அந்த வார்த்தைய நானே கெடுத்துட்டேன்” என்றாள்.

அடுத்த முதல் ஞாயிறு, “இது ஒத்திகை” என்று சொல்லித் தொடங்கினாள். அப்படியென்றால் நின்று நிதானமாக ஏறுகிறேன் என்றாள் நாத்தனார். பதின்மூன்று நிமிடம் ஆனது. கணவர் முகத்தைச் சுளித்தார்.

அவள் அசரவில்லை. பதின்மூன்று போதும், நிஜம் என்று நான் சொல்கிற அன்றைக்கு நாலு நிமிடம் தானாகக் குறையும் என்று சொல்லிவிட்டு, மெயின் சுவிட்சைப் போடக் கீழே இறங்கினாள்.