சூசைமாணிக்கத்தின் ஒரு வசனம்

கொடைக்கானலில் எடுத்த பழைய படங்களில் பாதியிலாவது சூசைமாணிக்கம் இருக்கிறார். ஏரியில் கதாநாயகியை வைத்துத் துடுப்புப் போடுகிறவரின் முதுகு அவருடையது. குதிரையைப் பிடித்துக்கொண்டிருக்கும் கை, பங்களாக் கதவைத் திறந்துவிட்டு விலகும் தோள், பாடை தூக்குகிறவர்களில் பின்னால் வரும் ஆள், எல்லாம் அவர்தான். மற்ற நாட்களில் மிஷன் பங்களா ஒன்றில் தோட்ட வேலை. படக் கம்பெனி மலையேறினால் உள்ளூர் ஆட்களைச் சேர்த்துக் கொடுப்பவர், மூஞ்சிக்கல்லில் டீக்கடை வைத்திருந்த சேனாதிபதி. அவர் ஆள் அனுப்பினால் இவர் மண்வெட்டியைச் சாத்திவிட்டுப் போவார்.

வேலை என்பது பெரும்பாலும் நிற்பது. ஒரு காட்சியைப் பாதி எடுக்கும்போது மேகம் வந்து மூடிக்கொள்ளும். மற்றவர்கள் வெள்ளித்தாள் ஒட்டிய பலகைகளைச் சாய்த்து வைத்துவிட்டுக் காப்பிக்குப் போவார்கள். மேகம் விலகியதும் விட்ட இடத்திலிருந்து எடுப்பதற்காக, சூசைமாணிக்கம் நின்ற இடத்தில் நின்ற மாதிரியே நிற்க வேண்டும். மரத்துக்குத் தண்ணி ஊத்தி ஊத்தி இந்தாளும் வேர் விட்டுட்டாரு என்பார் சேனாதிபதி.

மனைவி செல்வமேரிக்கு இரண்டு கண்ணிலும் புரை. திரை அவளுக்கு வெளிச்சத்தில் காயப்போட்ட ஈரத்துணி. படத்தைக் காதால்தான் பார்ப்பாள். இத்தனை வருஷத்தில் ஒரு படத்திலும் அவள் கணவனைக் கண்டதில்லை.

"ஒங்கள எத வச்சுக் கண்டுபிடிக்க? ஒரு இருமலாவது இருமி வைங்க" என்பாள்.

அவளுக்காகவே அவருக்கு ஒரு வசனம் வேண்டியிருந்தது. ஒன்று போதும்.

அறுபத்து மூன்றாம் வருஷம் கிடைத்தது. காவல்காரன் வேஷம். பாறை விளிம்பை நோக்கி நடக்கும் கதாநாயகனிடம் சொல்ல வேண்டும்: "அந்தப் பக்கம் போகாதீங்க ஐயா, மேகம் எறங்குது." வெள்ளனே எழுந்து ரோஜாப் பாத்திகளுக்கு நடுவில் சொன்னார். சோற்றுத் தட்டின் முன்னால் சொன்னார். செல்வமேரிக்கும் அது மனப்பாடமாகிவிட்டது. எடுத்த அன்று உதவி டைரக்டர், சத்தம் எப்படி இருந்தாலும் பரவாயில்லை, வாய் நன்றாக அசைய வேண்டும் என்றார். உச்சரிப்புச் சுத்தமாக இருக்கச் சொல்கிறார் என்று இவர் எடுத்துக்கொண்டார். மலையில் எடுப்பதற்கெல்லாம் பிறகு மெட்ராஸில் குரல் சேர்ப்பார்கள் என்பது, அத்தனை காலம் முதுகு காட்டி நின்றவருக்கு யாரும் சொல்லாத சங்கதி.

படம் திண்டுக்கல்லுக்கு வந்ததும் இருவரும் பஸ் ஏறிப் போனார்கள். பாறை வந்தது. சூசைமாணிக்கத்தின் முகம் முதல் தடவையாகத் திரை நிறைய வந்தது. வாய் அசைந்தது. வெளியே வந்தது வேறு யாருடைய குரலோ. எண்ணெய் போட்ட மாதிரி வழவழத்த பட்டணத்துக் குரல்.

செல்வமேரி அவர் முழங்கையைத் தட்டினாள்.

"ஏங்க, ஒங்க வசனத்த எவனோ பேசிட்டான். இனி ஒங்களுக்கு என்ன வச்சிருக்காங்க?"

"அது நாந்தான் மேரி."

"போங்க. ஒங்க கொரல் எனக்குத் தெரியாதாக்கும்."

படம் முடிந்து, விளக்குப் போட்டு, கூட்டம் கலையும்வரை அவள் காதைக் கொடுத்தபடி உட்கார்ந்திருந்தாள்.

அவருக்கு விஷயம் புரிவதற்குள் பஸ் வத்தலக்குண்டைத் தாண்டியிருந்தது. புரிந்தவரையில் அவளுக்குச் சொன்னார். முகம் அவருடையது, பேச்சு மெட்ராஸ்காரனுடையது. பஸ் மலையேறி, ஜன்னலில் குளிர் அடிக்கத் தொடங்கியபோது அவள் கேட்டாள்:

"அப்ப ஒங்க கொரல எங்க போட்டாங்க?"

அவர் அவள் முந்தானையை இழுத்துக் காதை மூடிவிட்டார்.

அடுத்த சீசனில் சேனாதிபதி வந்தார். அந்த முகம் கம்பெனிக்குப் பிடித்துவிட்டதாம், இந்தத் தடவை இரண்டு வசனமாம்.

"பேச்செல்லாம் வேணாங்க. முதுகு காட்டுற சோலியா இருந்தாச் சொல்லுங்க" என்றார் சூசைமாணிக்கம்.

படகு கொடுத்தார்கள். சாரலில் பகல் முழுக்க ஏரியில் இருந்துவிட்டு ஈரச் சட்டையோடு வீட்டுக்கு வந்தார். இன்றைக்காவது வாயைத் திறந்தாரா என்று கேட்டாள் செல்வமேரி.

"இருமுனேன்" என்றார். "முதுகு குலுங்கிருச்சுன்னு மறுபடி எடுத்தாங்க."