வாசலுக்கு வந்த அரிசியை நான் நிறுத்திய கதை

லேக் கார்டன்ஸில் எங்கள் சந்து முனையில் ஒரு ரேஷன் கடை. அரிசியையும் ஆட்டாவையும் வண்டியில் ஏற்றி வீட்டு வாசலுக்கே கொண்டுபோய்க் கொடுக்க வேண்டும் என்று மாநில அரசு சொன்னதிலிருந்து கடைக்காரருக்குத் தூக்கம் போய்விட்டது. கடைக்காரர்கள் சேர்ந்து ஹைகோர்ட்டுக்குப் போக முடிவு செய்ததும் என்னிடம் வந்தார். நான் துறைமுகத்தில் சட்டப் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவன். வங்காளி வழக்கப்படி அவர் என்னைத் தாதா, அதாவது அண்ணன், என்றுதான் கூப்பிடுவார்.

"வக்கீல் கையில குடுக்க ஒரு நோட் எழுதித் தாங்க, தாதா. உங்க இங்கிலீஷ் யாருக்கு வரும்?"

அது போதுமாக இருந்தது. மத்தியச் சட்டம் சொல்லாத கடமையை மாநில அரசு கடைக்காரர் தலையில் கட்ட முடியாது என்று பக்கம் பக்கமாக எழுதினேன். திட்டம் நல்லதா என்பதல்ல, அதைப் போட அதிகாரம் உண்டா என்பதே நீதிமன்றத்தின் கேள்வி என்ற வரியை மனைவிக்கு வாசித்துக் காட்டினேன்.

"கீழ் வீட்டு மாஷிமாவுக்கு வண்டியிலதானே அரிசி வருது?" என்றாள்.

"அது வேற விஷயம்."

வேறு விஷயமே இல்லை. எல்லோரும் மாஷிமா, அதாவது சித்தி, என்று கூப்பிடும் தனியாக இருக்கும் அந்தக் கிழவிக்கு இரண்டு முழங்காலும் போய்விட்டன. ரேஷன் வாங்கக் கடையில் கைரேகை வைக்க அவரேதான் போக வேண்டும். வண்டி வந்தால் வாசலிலேயே விரலை வைத்துவிட்டு உள்ளே போய்விடுவார். இதெல்லாம் எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்துதான் எழுதினேன்.

திட்டம் செல்லாது என்று தீர்ப்பு வந்தது. கடைக்காரர் ஒரு பெட்டி சந்தேஷ் இனிப்பு கொண்டுவந்தார். என் குறிப்பை வக்கீல் படித்தாரா என்றுகூட நான் கேட்கவில்லை. ஜெயித்தது நான்தான் என்று வைத்துக்கொண்டேன். பெட்டி பாதி காலியான பிறகுதான் மாஷிமாவின் முழங்கால்கள் நினைவுக்கு வந்தன. மிச்சத்தை எடுத்துக்கொண்டு கீழே போய், மாஷிமாவிடம் எல்லாவற்றையும் சொன்னேன்.

அவர் ஒரு சந்தேஷை நிதானமாகத் தின்று முடித்தார்.

"வண்டி வராதுன்னா நான் எப்படிப் போறது?"

"நான் கூட்டிட்டுப் போறேன்."

"மாசாமாசமா?"

"மாசாமாசம்."

இன்னொரு சந்தேஷை எடுத்துக்கொண்டார்.

இப்போது அவர் என் தோளைப் பிடித்துக்கொள்ள, நான் பையைப் பிடித்துக்கொள்ள, சந்தில் நடக்கிறோம். நாலு வீட்டுக்கு ஒரு வாசலில் உட்கார்வார். உட்காரும் இடத்திலெல்லாம், "சர்க்கார் மேல கேஸ் போட்டு ஜெயிச்சவர் இவர்தான்" என்று என்னை அறிமுகம் செய்வார். போன மாதம் இஸ்திரிக்காரர் என்னை ஏற இறங்கப் பார்த்தார்.

"ஜெயிச்சவர் ஏன் மூட்டை தூக்கறாரு?"

"அபராதம்," என்றார் மாஷிமா. "கோர்ட்டு போட மறந்துருச்சு. நான் போட்டேன்."