ஐம்பதுக்குப் பின்னால் ஒரு புள்ளி

காலை பத்து நாற்பத்திரண்டு. என் கணினித் திரையில் முதலில் கண்டது 50. அதன் பின்னால் புள்ளி இல்லை.

ஒரு பாகத்தை வெட்டக் கட்டர் போகவேண்டிய பாதையை மென்பொருள் கணித்துத் தரும். அந்தப் பாதையை, கணினி ஓட்டும் குறிப்பிட்ட ஒரு சி.என்.சி. மெசினுக்கு விளங்கும் கட்டளைகளாக மாற்றும் நிரலை எழுதுவது என் வேலை. அதற்கு முன் பத்திரிகையில் பிழை திருத்தினேன். '50.' என்று முழு எண்களுக்குப் பின்னால் புள்ளி தொங்குவது அச்சுப்பிழை போலக் கண்ணை உறுத்தியது. முந்தின நாள்தான் அவற்றை எடுத்துவிட்டிருந்தேன். '83.25' போன்றவற்றில் கை வைக்கவில்லை.

புதிய மெசின்கள் பல இதைப் பொருட்படுத்துவதில்லை. கல்முனையில், நான் காக்கா, அதாவது அண்ணன், என்று கூப்பிடுகிறவரின் பட்டறையில் இருப்பது பழைய ஜப்பான் மெசின். புள்ளியில்லாத ஐம்பதை அது ஒரு மில்லிமீற்றரின் ஆயிரத்தில் ஐம்பது பங்கு என்று எடுக்கும். மூன்று விரல் உயரத்துக்கு எழும்ப வேண்டிய கட்டர் மயிரிழை உயரத்தில் நின்றபடி முழு வேகத்தில் பக்கவாட்டில் ஓடும். வழியில், பாகத்தை அசையாமல் பிடித்திருக்கும் இரும்புக் கிளாம்ப். காக்கா மெசின் கதவைத் திறந்துவைத்து, தலையை உள்ளே நீட்டிப் பார்க்கிறவர்.

கட்டளைக் கோப்பை ஒன்பது மணிக்கே காக்காவுக்கு அனுப்பியிருந்தேன். மூன்று தடவை போன் எடுத்தேன். பதில் இல்லை.

மருதமுனையிலிருந்து மோட்டார் சைக்கிளில் போனேன். பாண்டிருப்பில் ஒரு பஸ் ஆட்களை இறக்கிக்கொண்டு நின்றது. அதை முந்த முடியவில்லை. பட்டறை வாசலில் இறங்கியபோது மெசின் சத்தம் கேட்கவில்லை. உள்ளே ஓடினேன்.

காக்கா தரையில் இருந்தார். இடக்கண்ணில் துணியை அழுத்திப் பிடித்திருந்தார். உடைந்த கட்டரின் துண்டொன்று பின்சுவரில் குத்தி நின்றது.

"வாங்க பேப்பர்காரர். மேல போற கட்டர் கிளாம்புக்குள்ள போகுது. என்னடா எழுதின நீ?"

"புள்ளிய எடுத்துட்டன் காக்கா."

"என்ன புள்ளி?"

"ஐம்பதுக்குப் பின்னால இருந்தது."

"அது என்ன செஞ்சது உனக்கு?"

"பார்க்க வடிவா இல்ல."

அவர் சிரித்தார். துணிக்குக் கீழே இரத்தம் வழிந்தது.

"கண் தெரியுதா காக்கா?"

"திறக்கப் பயமா இருக்குடா."

ஆஸ்பத்திரியில் தாதி இரத்தத்தைத் துடைத்து, விரல்களைக் காட்டி எத்தனை என்று கேட்டார். காக்கா இடக்கண்ணை மெல்லத் திறந்தார். பிறகு, "மூணு" என்றார். மூன்றுதான். புருவத்துக்கு மேலே ஐந்து தையல் போட்டார்கள்.

எப்படி நடந்தது என்று வைத்தியர் கேட்டார்.

"வழுக்கி விழுந்துட்டன்," என்றார் காக்கா, என்னைப் பார்க்காமல்.

படிவத்தில் அப்படியே எழுதினார்கள்.