யாரிடமும் கேட்க வேண்டியதில்லை

மேட்ரனை நினைத்தால், பெரிய டாக்டரின் அறையில் அவர் கையெழுத்துப் போட மறுத்து நின்ற அந்தப் பகல்தான் முதலில் மனத்தில் வருகிறது. தாமிரபரணிக் கரையில், ஸ்ரீவைகுண்டம் போகும் வழியில் இருக்கும் எங்கள் அறக்கட்டளை மருத்துவமனையில் அவர் நர்ஸ்களுக்கெல்லாம் தலைவி. நான் அலுவலக மேலாளர். தரச்சான்றுக்கான ஆய்வுக் குழு வரவிருந்ததால், மருத்துவமனைக்கான விதிமுறைகளை எழுதித்தர வெளியூர் ஆலோசகர் ஒருவரை அமர்த்தியிருந்தோம். அவர் தந்த தடித்த ஆங்கிலத் தொகுப்பில் எல்லாத் துறைத் தலைவர்களும் கையெழுத்திட்டுவிட்டார்கள். மேட்ரன் மட்டும் அதை வீட்டுக்கு எடுத்துப் போய் முழுக்க வாசித்துவிட்டு, திரும்பக் கொண்டுவந்து டாக்டரின் மேசையில் வைத்தார்.

"சார், இதுல பூகம்பம் இருக்கு, பனிப்புயல் கூட இருக்கு. ஆத்துல வெள்ளம் வந்தா என்ன செய்யணும்னு ஒரு வரி இல்ல. 'உரிய அதிகாரி தக்க நடவடிக்கை எடுப்பார்'னு பக்கத்துக்குப் பக்கம் போட்டிருக்கு. யாரு சார் அந்த உரிய அதிகாரி? அப்படி ஒருத்தர நம்ம ஆஸ்பத்திரில நான் பாத்ததே இல்லையே."

பெரிய டாக்டர் எங்கள் மருத்துவமனையின் தலைமை மருத்துவர். நல்ல மனிதர், ஆனால் முன்கோபி. "அப்படின்னா நீங்களே எழுதிக் கொண்டாங்க" என்றார் எரிச்சலுடன். மேட்ரன் அதை எரிச்சலாக எடுத்துக்கொள்ளவில்லை, உத்தரவாகவே எடுத்துக்கொண்டார். மறுநாளே மதியச் சாப்பாடு முடிந்ததும் என் கணினிக்குப் பக்கத்தில் நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டார்.

நான் காலமெல்லாம் சுற்றறிக்கை எழுதிப் பழகியவன். என் கை தானாகவே 'செய்யப்படும்', 'அறிவிக்கப்படும்' என்று தட்டிக்கொண்டு போகும். மேட்ரன் திரையைப் பார்த்துவிட்டுச் சிரித்தார். "எல்லாம் படும் படும்னே எழுதுதீங்களே, யாரு அண்ணாச்சி படுதா? செய்யுதவ பேர முதல்ல போடுங்க." ஒரு வாக்கியத்துக்கு ஒரு வேலைதான். அந்த வேலையைச் செய்பவர் யார் என்பது வாக்கியத்தின் தொடக்கத்திலேயே இருக்க வேண்டும். வார்டில் எந்தச் சொல்லைப் பேசுகிறார்களோ அதே சொல்தான் தாளிலும் வர வேண்டும். எழுதியதை உடனே அச்சடித்து, வார்டுக்குப் புதிதாக வந்த நர்ஸ் யாரிடமாவது கொடுத்து, "விளக்கம் சொல்லாண்டாம், செஞ்சு காட்டு" என்பார். அந்தப் பெண் எந்த இடத்தில் தயங்கி நிற்கிறாளோ அந்த வரியை அடித்துவிட்டுத் திரும்ப எழுதுவோம். ஒருமுறைகூட அவர் அந்தப் பெண்களைக் கடிந்துகொண்டதில்லை. "அவ முழிச்சா நம்ம எழுத்து சரியில்லன்னு அர்த்தம்" என்பார். ஊசி போடுவதற்கு முன் பார்க்க வேண்டியவை, ரத்தம் ஏற்றும் முறை, பிரேதத்தை உறவினரிடம் ஒப்படைக்கும் முறை என்று ஒவ்வொன்றாக எழுதி முடித்தோம். எனக்கு அது வேலையாகவே தெரியவில்லை. இத்தனை ஆண்டு எழுதிய தமிழை முதன்முறையாகக் காதால் கேட்பதுபோல் இருந்தது.

வெள்ளத்துக்கான பக்கத்தில்தான் சண்டை வந்தது. மேட்ரன் சொல்லி நான் தட்டிய வரிகள் இவை: 'தண்ணீர் மருத்துவமனை கேட்டைத் தொட்டால், கீழ்த்தள வார்டில் பணியிலிருக்கும் நர்ஸ் நோயாளிகளை மாடிக்கு ஏற்றத் தொடங்குவார். யாரிடமும் அனுமதி கேட்க வேண்டியதில்லை. தொடங்கிய பிறகு தலைமை மருத்துவருக்குச் சொல்வார். முடிவு தவறாகிப் போனாலும் அந்த நர்ஸ் மீது நடவடிக்கை இல்லை.' டாக்டருக்கு முகம் சிவந்துவிட்டது. "நேத்து வந்த பொண்ணு முடிவெடுப்பாளா? வெறும் மழைக்கு எல்லாரையும் தூக்கிட்டு ஓடினா ஊரு சிரிக்கும்."

"வீணா ஏத்திட்டா திரும்ப இறக்கிக்கிடலாம் சார். ஏத்தாம விட்டுட்டா?"

கேட்ட கையோடு மேட்ரன் டாக்டரைக் கீழ் வார்டுக்கு அழைத்துப் போனார். அங்கிருந்த நர்ஸ்களிடம், இப்போது தண்ணீர் வந்தால் என்ன செய்வீர்கள் என்று கேட்டார். ஒருத்தி டாக்டருக்கு போன் செய்வேன் என்றாள். ஒருத்தி மேலாளரைக் கேட்பேன் என்றாள். இன்னொருத்தி மேட்ரனைத் தேடிப் போவேன் என்றாள். நோயாளியைத் தூக்குவேன் என்று ஒருத்திகூடச் சொல்லவில்லை. டாக்டர் தம் அறைக்குத் திரும்பிக் கையெழுத்துப் போட்டார்.

அந்த மார்கழியில் வெள்ளம் வந்தது. மேட்ரன் உறவினர் திருமணத்துக்குப் பாளையங்கோட்டை போயிருந்தார். டாக்டரும் திருநெல்வேலி வீட்டிலிருந்து வர முடியவில்லை. பாலத்துக்கு மேல் தண்ணீர் ஓடியது, செல்போன் எதுவும் வேலை செய்யவில்லை. பேருந்து இல்லாமல் முந்தின நாளே மருத்துவமனையில் மாட்டிக்கொண்டவன் நான். விடிந்து வெளிச்சம் வந்தபோது கேட்டின் அடிக்கம்பி தண்ணீருக்குள் இருந்தது. கீழ் வார்டில் பணியில் இருந்தவள் வள்ளியூரிலிருந்து வந்து வேலைக்குச் சேர்ந்திருந்த பெண். ஜன்னல் வழியாக ஒருமுறை பார்த்தாள். உடனே துப்பட்டாவை இடுப்பில் முடிந்துகொண்டு, வாசலை ஒட்டியிருந்த கட்டிலிலிருந்து தொடங்கிவிட்டாள்.

உடன்குடிக்காரர் ஒருவர், அறுவைச் சிகிச்சை முடிந்த தம் அப்பாவைத் தொடவிடவில்லை. "டாக்டர் சொல்லாம நீ எப்படித் தூக்குவ?"

"சொல்லியாச்சு அண்ணாச்சி, எழுதியே தந்திருக்காங்க. நீங்க கால் பக்கம் பிடிங்க, பைய" என்றாள். குரலில் பதற்றமே இல்லை. அந்த மனிதர் போர்வையின் நுனியைப் பிடித்தார். நானும் பிடித்தேன், சமையல்காரரும் பிடித்தார், நடக்க முடிந்த நோயாளிகளும் பிடித்தார்கள். கடைசியாக ஆக்சிஜனில் இருந்த அம்மாளை ஏற்றி முடித்துத் திரும்பிப் பார்த்தபோது, கீழே காலிக் கட்டில்களின் மெத்தைகள் மிதக்கத் தொடங்கியிருந்தன. எங்களிடம் வந்தவர்களில் ஒருவரைக்கூட ஆற்றுக்குக் கொடுக்கவில்லை.

தண்ணீர் வடிந்ததும் மேட்ரன் டிராக்டரில் வந்து இறங்கினார். மாடியில் ஒவ்வொரு நோயாளியையும் தொட்டுப் பார்த்தார். வள்ளியூர்ப் பெண்ணைத் தோளோடு அணைத்துக்கொண்டு, "எங்கன தட்டுச்சு?" என்று கேட்டார். மாடிக் கதவின் பூட்டை உடைக்க வேண்டியிருந்தது என்றாள் அவள். அன்று சாயங்காலமே அந்தச் சாவி இனிக் கீழ்த்தள நர்ஸின் மேசையில் இருக்கும் என்று புதிய வரி ஒன்றைச் சேர்த்தோம். பிறகு ஆய்வுக்கு வந்தவர்கள், இதை எங்கிருந்து எடுத்தீர்கள் என்று கேட்டபோது, "எங்க மேட்ரன் எழுதினது" என்று முந்திக்கொண்டு சொன்னவர் பெரிய டாக்டர்தான். மேட்ரனும் வெட்கப்படவில்லை. "ஆமா, நான்தான் எழுதுனேன்" என்றார்.

இப்போது அவர் ஓய்வுபெற்றுப் பாளையங்கோட்டையில் இருக்கிறார். எனக்கும் இது கடைசி ஆண்டு. போன மழைக்காலத்தில், அணையைத் திறக்கப்போகிறார்கள் என்று செய்தி வந்ததும் மனம் கேட்காமல் அவருக்கு போன் செய்து, என்ன செய்யலாம் என்று கேட்டேன்.

"என்கிட்ட எதுக்கு அண்ணாச்சி கேக்கீங்க? அங்கன டியூட்டில ஒருத்தி இருப்பால்ல" என்று சொல்லி போனை வைத்துவிட்டார்.

கீழே இறங்கிப் போனேன். தண்ணீர் அதற்குள் கேட்டைத் தொட்டிருந்தது. பெயர்கூட எனக்குச் சரியாகத் தெரியாத ஒரு புதுப் பெண், வாசல் பக்கத்து நோயாளிகளை ஏற்கெனவே மாடிக்கு அனுப்பிவிட்டு அடுத்த கட்டிலுக்கு வந்திருந்தாள். என்னைப் பார்த்ததும், "ஆரம்பிச்சுட்டேன் சார், பெரிய டாக்டருக்குச் சொல்லிருங்க" என்றாள்.