மேலே வளர்ந்த சட்டை

செய்தி வந்தபோது நான் மொட்டைமாடியில் என் ரேயான் குர்த்தியைத் துண்டின் மேல் விரித்துக்கொண்டிருந்தேன். கணேசன் அங்கிள் மூச்சு வாங்கப் படியேறி வந்தார். "பாப்பா, பலராமன் போயிட்டாருமா. காலைல எழுந்திரிக்கவே இல்ல" என்றார். பிறகு தரையில் கிடந்த குர்த்தியை மிதிக்காமல் சுற்றிக்கொண்டு போய்த் தண்ணீர்த் தொட்டியின் ஓரத்தில் உட்கார்ந்துகொண்டார். அந்த நேரத்திலும் ஈரத்துணியைப் பார்த்து ஒதுங்கிப் போக அவருக்குத் தோன்றியது. அது பலராமன் அங்கிள் எங்கள் மாடியில் உண்டாக்கிவிட்டுப் போன பழக்கம்.

கீழ்க்கட்டளையில் நம் குடியிருப்பில் அவரைத் தெரியாதவர்கள் இல்லை. ஆனாலும் புதிதாகக் குடிவந்து சங்கத்தின் இந்த ஆண்டு மலரைப் புரட்டுகிறவர்களுக்காகச் சொல்கிறேன். திருமுடிவாக்கத்தில் ஒரு பட்டறையில் மேற்பார்வையாளராக இருந்து ஓய்வு பெற்றவர். நம் குடியிருப்போர் சங்கத்தின் செயலாளர். கூட்டத்தில் மைக்கைப் பிடித்தால் நல்ல தமிழ் பேசுவார். மாடிக்கு வந்துவிட்டால் பிறந்த ஊரான பல்லாவரத்தின் தமிழ்தான். அழுது எழுதினால் அவருக்குப் பிடிக்காது. அதனால் சட்டைக் கதையை எழுதுகிறேன்.

சில வருடங்களுக்கு முன்பு, பொங்கல் விழாவுக்கு வெளியிலிருந்து டிஜே வைத்துவிடலாம் என்று சங்கக் கூட்டத்தில் பேச்சு வந்தது. நம் ஆட்கள் மேடையேறினால் யாருமே உட்காருவதில்லை, எதற்கு வீண் சிரமம் என்றார்கள். அங்கிள் எழுந்து நின்றார். "இந்த ஒரு வருஷம் எங்களுக்குக் கொடுங்கள். நாங்கள் ஐந்து பேர் கோலாட்டம் ஆடுகிறோம். ஜனம் உட்காரவில்லை என்றால் அடுத்த வருஷம் டிஜே வையுங்கள். ஸ்பீக்கரை நானே தூக்கி வருகிறேன்" என்றார். மற்ற நான்கு பேரில் மூன்று பேருக்குத் தாங்கள் ஆடப் போவது அந்த நிமிடம்தான் தெரியும். வேடிக்கை பார்க்கப் போயிருந்த நான், அந்த மூவரில் ஒருவரான கணேசன் அங்கிளின் முகத்தைப் பார்த்துவிட்டு வாயைப் பொத்திக்கொண்டேன். வீட்டுக்கு வந்தும் சிரித்தேன். ஆனால் பலராமன் அங்கிளுக்கு அது விளையாட்டில்லை. "நம்ம மேடைய ஒரு வாட்டி வுட்டுட்டா திரும்ப வராதுமா" என்று என்னிடம் சொன்னார்.

வெள்ளைச் சட்டை போதும் என்றார் கணேசன் அங்கிள். "வெள்ளைச் சட்டையில அஞ்சு பேர் நின்னா பஞ்சாயத்து பண்ண வந்தாப்ல கீதுன்னுவாங்க" என்று பலராமன் அங்கிள் மறுத்துவிட்டார். பூப்போட்ட சட்டைதான் வேண்டும். பள்ளியில் சுற்றுச்சூழல் மன்றத்தில் இருந்ததால் என்னை "ஆலோசகர்" என்று பெயர் சூட்டித் தாம்பரம் கடைத்தெருவுக்கு அழைத்துப் போனார்.

கடைக்காரர் செம்பருத்திப் பூப்போட்ட சட்டையை உதறிக் காட்டினார். "சார், ரேயான். நேச்சுரல் சார். மரத்துலேர்ந்து வருது."

அங்கிள் என்னைப் பார்த்தார். "இன்னாமா, மெய்யாலுமா?"

நான் படித்ததையெல்லாம் கொட்டினேன். மெய்தான், மரத்தைக் கூழாக்கி, ரசாயனத்தில் கரைத்து, நூலாக இழுக்கிறார்கள். பாலியெஸ்டரைப் போல இது பிளாஸ்டிக் இல்லை. ஆனால் மரத்திலிருந்து வந்தால் மட்டும் நல்லதாகிவிடாது. எந்தக் காட்டு மரம், வெட்டிய இடத்தில் மறுபடி நட்டார்களா, ரசாயனம் கலந்த தண்ணீர் எங்கே போகிறது என்றும் பார்க்க வேண்டும். லயோசெல் என்று ஒன்று உண்டு. அதில் மரக்கூழைக் கரைக்கும் திரவத்தைப் பிடித்துத் திரும்பத் திரும்பப் பயன்படுத்துகிறார்கள்.

அங்கிள் கடைக்காரர் பக்கம் திரும்பினார். "தம்பி, இது எந்த மரம்? அந்த மருந்துத் தண்ணி எங்க போவுது?"

"சார், என் கடைக்குப் பில்லு மட்டும்தான் வருது. மரம் வரல."

லயோசெல்லில் செம்பருத்தி இல்லை. இருந்த சாம்பல் நிறமோ அங்கிளுக்கு ஆகவில்லை. ரேயானையே எடுத்தார். வெளியே வந்ததும், "மரத்த எவனோ ஏற்கெனவே வெட்டிட்டான். இனிமே அது நம்ம பொறுப்பு. கிழியற வரைக்கும் போடணும். வாளியில போட்டுப் பாழாக்கி, அந்த மரத்த ரெண்டாவது வாட்டி வெட்டக் கூடாது, இன்னா?" என்றார். நான் சரி என்றேன். இதுதான் அவர் சொன்னதிலேயே எனக்கு மிகவும் பிடித்த வாசகம். அதைச் சொன்ன கொஞ்ச நாளிலேயே அவர் என்ன செய்தார் என்பதுதான் கதை.

விழாவுக்கு முந்தைய நாள் காலை. மேடையில் வியர்த்தால் செம்பருத்தியின் சிவப்பு வேட்டியில் இறங்கிவிடுமோ என்று அவருக்குப் பயம். புதுத்துணிச் சாயம் நிற்க உப்புத் தண்ணீரில் ஊறப்போடுவது நம் வீடுகளில் எல்லாரும் செய்வதுதான். அங்கிள் ஒருபடி மேலே போய், கொதிக்கிற வெந்நீரில் கல்லுப்பைக் கொட்டி, ஐந்து சட்டைகளையும் ஒரே டிரம்மில் போட்டுவிட்டார். நான் புத்தகத்தோடு மாடிக்குப் போனபோது, போர்வையைப் பிழிவதுபோல ஒரு முனையை அவரும் மறு முனையைக் கணேசன் அங்கிளும் பிடித்து முறுக்கிக்கொண்டிருந்தார்கள்.

"அங்கிள்! லேபிள் பாக்கலயா?"

"கழுத்துல குத்திச்சுமா. அஞ்சுலயும் வெட்டிப் போட்டுட்டேன்."

பிரித்துப் பார்த்தோம். அகலம் அவ்வளவாக மாறவில்லை. நீளம்தான் சுருங்கி மேலே ஏறிப் போயிருந்தது. கணேசன் அங்கிள் ஒன்றைப் போட்டுப் பார்த்துக் கையைத் தூக்கினார். அவருடைய தொப்பை முழுவதும் வெளியே வந்து எங்களைப் பார்த்தது. கோலாட்டம் என்றால் கையைத் தூக்காமல் ஆட முடியாதே.

மற்றவர்களும் வந்து சேர்ந்து ஆளுக்கொரு பக்கம் பலராமன் அங்கிளைத் திட்டத் தொடங்கினார்கள். "நான் வரலப்பா, ஆள விடு" என்றார் ஒருவர். "ஸ்பீக்கர் தூக்க ரெடியா இருய்யா" என்றார் கணேசன் அங்கிள். பலராமன் அங்கிள், டிரம்மிலிருந்து தெறித்த தண்ணீரில் தலைமுதல் கால்வரை நனைந்து நின்றார். அவரை அப்படி நான் பார்த்ததே இல்லை. என்ன சொல்வதென்று தெரியாமல், எனக்குத் தெரிந்ததைச் சொன்னேன். "மரநார்த் துணி ஈரமா இருக்கும்போதுதான் ரொம்ப பலவீனமா இருக்கும். அப்ப முறுக்கவே கூடாது."

அங்கிள் நிமிர்ந்தார். "கேட்டுக்கினீங்களா? நானும் இப்ப ஈரமாத்தான் கீறேன். முறுக்காதீங்கப்பா!"

கணேசன் அங்கிள்தான் முதலில் சிரித்தார். அதற்குப் பிறகு யாராலும் கோபமாக இருக்க முடியவில்லை.

சுருங்கிய ரேயானை ஓரளவு மீட்கலாம் என்று படித்திருந்தேன். வெதுவெதுப்பான தண்ணீரில் தலைமுடிக்குப் போடும் கண்டிஷனரைக் கலந்து ஊறவைத்து, முறுக்காமல் துண்டில் சுருட்டி அழுத்தி ஈரத்தை எடுத்து, சமதளத்தில் விரித்துக் கொஞ்சம் கொஞ்சமாக நீவி இழுக்க வேண்டும். பலராமன் அங்கிளின் மனைவி வசந்தா ஆன்ட்டியின் கண்டிஷனர் பாட்டில் காலியானது. தொட்டியின் நிழலில் படுக்கைவிரிப்புகளைப் போட்டு, ஐந்து பேரும் வரிசையாகச் சம்மணம் போட்டு உட்கார்ந்து அவரவர் சட்டையை நீவினார்கள். பாட்டிலைத் தேடிக்கொண்டு மேலே வந்த ஆன்ட்டி இடுப்பில் கை வைத்துக்கொண்டு பார்த்தார்.

"கல்யாணம் ஆன நாள்லேர்ந்து என் புடவைய ஒரு தடவ இப்படி நீவி விட்டிருப்பீங்களா?"

"உன் புடவை என்னிக்குச் சுருங்கிச்சு வசந்தா? வருஷா வருஷம் பீரோவுல வளர்ந்துகினேதான் கீது."

லேசான ஈரம் இருக்கும்போதே உட்பக்கமாகத் திருப்பி இஸ்திரி போட்டோம். போன நீளத்தில் பெரும்பகுதி திரும்பி வந்தது. எல்லாமும் வரவில்லை.

மறுநாள் மேடையில் முதல் பாட்டுக்குக் கோலைத் தூக்கினார்கள். ஐந்து சட்டைகளும் ஒன்றாக மேலே ஏறின. ஐந்து தொப்பைகளும் ஒன்றாக எட்டிப் பார்த்தன. வாசலில் நின்று பேசிக்கொண்டிருந்தவர்கள்கூட உள்ளே ஓடிவந்தார்கள். நாற்காலி போதாமல் குழந்தைகள் தரையில் உட்கார்ந்தார்கள். நால்வர் சுற்றிவர நடுவில் நின்று ஆடிய அங்கிள், சிரிப்பு அடங்காததைப் பார்த்து மைக்கை எடுத்தார். "யாரும் சிரிக்காதீர்கள்! இது மரத்துச் சட்டை. மரம் என்றால் மேலேதானே வளரும்!"

அதன் பிறகு டிஜே பற்றி யாரும் பேசவில்லை. அந்தச் சட்டைகள் ஒவ்வொரு பொங்கலுக்கும் வெளியே வந்தன. குளிர்ந்த நீரில் அலசி நிழலில் விரிப்பதால் செம்பருத்தி இன்னும் சிவப்பாகவே இருக்கிறது.

"முறுக்காதீங்க" என்பது அவருடைய பேச்சில் நிலைத்துவிட்டது. கணக்கில் நான் மோசமான மதிப்பெண் வாங்கி வந்து அழுத அன்று, அம்மா வாசலிலேயே நிறுத்தி ஏன், எப்படி என்று கேட்டுக்கொண்டிருந்தார். படியிறங்கி வந்த அங்கிள், "பொண்ணு நனைஞ்சிகீதும்மா. இப்ப முறுக்காத. காயட்டும், அப்பால இஸ்திரி போடலாம்" என்று சொல்லிவிட்டு நிற்காமல் போனார். அம்மாவுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. காய்ந்த பிறகு இஸ்திரி போட்டார் என்பது வேறு விஷயம்.

பதினாறாம் நாள் காரியத்துக்கு உறவினர்கள் வந்திருந்தார்கள். எல்லாரும் நல்லவர்கள், அக்கறையோடுதான் ஆன்ட்டியிடம் கேட்டார்கள். ஃப்ளாட்டை விற்கிறாயா, வாடகைக்கு விடுகிறாயா, கூடுவாஞ்சேரியில் எங்களோடு வந்து இருக்கிறாயா, எப்போது முடிவு சொல்வாய் என்று ஒருவர் மாற்றி ஒருவர். வசந்தா ஆன்ட்டி முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தார். அப்போது கதவருகில் நின்ற கணேசன் அங்கிள் தொண்டையைச் செருமினார்.

"அவங்க ஈரமா இருக்காங்க. இப்ப முறுக்காதீங்க."

உறவினர்களுக்கு ஒன்றும் புரியவில்லை. ஆன்ட்டி முந்தானையை முகத்திலிருந்து எடுத்தார். சிரித்தார். அங்கிள் போன பிறகு அன்றுதான் சிரித்தார். "ஆமா, கொஞ்ச நாள் என்னை அப்படியே நிழல்ல விடுங்க" என்றார். அதற்குப் பிறகு யாரும் எதுவும் கேட்கவில்லை.

அங்கிளின் செம்பருத்திச் சட்டை இப்போது என்னிடம் இருக்கிறது. கிழிகிற வரைக்கும் போட வேண்டும் என்று அவர் சொன்னதை நினைவுபடுத்தி ஆன்ட்டியே கொடுத்தார். வருகிற பொங்கலுக்குக் கோலாட்டத்தில் நடுவில் நீதான் நிற்க வேண்டும் என்று நான்கு அங்கிள்களும் முடிவு செய்துவிட்டார்கள்; என்னைக் கேட்கவில்லை. அவரும் அப்படித்தான் செய்வார்.

நேற்று மாடியில் போட்டுப் பார்த்தேன். அகலத்தில் இன்னொரு ஆள் நுழையலாம். நீளம் மட்டும் எனக்கு அளவெடுத்துத் தைத்ததுபோல இருந்தது. அன்றைக்கு அவர் வெந்நீர் ஊற்றியிராவிட்டால் தொடை வரைக்கும் இறங்கியிருக்கும். கோலை எடுத்துக் கையைத் தூக்கினேன்.

சட்டை மேலே வளர்ந்தது.