எல்லாரும் மணியைப் பார்த்த நாள்

ருஷ்யாவின் சூஸ்தல் ஊரில் யாரிடமாவது உனக்கு எப்போது கல்யாணம் ஆயிற்று என்று கேட்டுப் பாருங்கள், வருஷம் சொல்ல மாட்டார்கள். படத்தைச் சொல்வார்கள். ரிம்மாவுக்குக் கல்யாணம் ஆனது தாத்தாரியப் படை ஊரைக் கொளுத்துகிற படத்தின்போது. மகள் கீரா பிறந்தது மணிப் படம், அதாவது கோபுரத்துக்கு மணி ஏற்றுகிற படத்தின்போது. பக்கத்து வீட்டு தைஸியாவின் புருஷன் அவளை விட்டு ஓடியது ஜார் முடிசூட்டிக்கொண்ட படத்தின்போது. சினிமாக்காரர்களின் சமையல்காரியோடுதான் ஓடினான். அது வேறு கதை.

இத்தனை வெள்ளைக் கோபுரங்களையும் மர வீடுகளையும் ஒரு சின்ன ஊருக்குள் அடைத்து வைத்தால் சினிமாக்காரன் வராமல் என்ன செய்வான்? வந்தான். வந்ததும் முதல் காரியமாக, கூரைமேல் இருக்கும் டி.வி. ஆன்டெனாக்களைக் கழற்றச் சொல்வான். ஜார் காலத்தில் ஏது ஆன்டெனா? கழற்ற வேண்டியவன் ஊர் லைன்மேன் சவேலி, ரிம்மாவின் புருஷன். ஹாக்கி ஆட்டம் இருக்கிற நாளாகப் பார்த்துத்தான் இயக்குநர்களுக்கு வானம் பிடித்துப்போகும். சவேலி ஏணியைத் தூக்கிக்கொண்டு தெருவில் நடந்தால் ஜன்னலுக்கு ஜன்னல் வசவு விழும்.

"டேய் சவேலி, இன்னிக்குக் கடைசி ஆட்டம்டா! உன் கை விளங்குமா?"

"கத்தாதய்யா. சாயங்காலம் மாட்டிக் கொடுத்துடறேன்."

"சாயங்காலம் எவன் கோல் போடுவான், உங்கப்பனா?"

சவேலிக்குக் கோபமே வராது. சிரித்துக்கொண்டே ஏறுவான், சிரித்துக்கொண்டே இறங்குவான். அவனுக்கும் சேர்த்து ரிம்மாதான் கோபப்பட வேண்டியிருந்தது. அவள் ஊர் ரொட்டிச் சாலையில் வேலை பார்த்தாள். விடியலில் ரொட்டி சுடுவாள், மதியம் படப்பிடிப்பில் கையில் கயிறு கட்டித் தாத்தாரியரிடம் சிறைபடுவாள், சாயங்காலம் வீட்டுக்கு வந்து வெள்ளரிக் கொடிக்குத் தண்ணீர் ஊற்றுவாள். ஊரில் எல்லாருக்கும் அதுதான் பிழைப்பு. கூட்டம் வேண்டும் என்றால் நாங்கள்தான் கூட்டம்.

மணிப் படம் எடுத்தது கொளுத்துகிற ஜூலை மாதத்தில். கதையிலோ நடுக்குளிர். புது மணியைக் கோபுரத்துக்கு ஏற்றும் நாளில் ஊர் மொத்தமும் பனியில் நின்று அண்ணாந்து பார்க்க வேண்டும். பனிக்கு என்ன செய்வது? லாரி லாரியாக உப்பைக் கொண்டுவந்து கொட்டினார்கள். தைஸியாவின் ஆடு கயிற்றை அறுத்துக்கொண்டு வந்து பனியை நக்கித் தீர்த்தது. அதைத் துரத்துவதற்கே அரை நாள் போயிற்று. ஆட்டுத்தோல் கோட்டுக்குள் ஜனங்கள் வெந்துகொண்டிருந்தார்கள்.

ரிம்மாவுக்கு அப்போது நிறைமாதம் நெருங்கிக்கொண்டிருந்தது. உடுப்புக்காரி எந்தக் கோட்டைக் கொடுத்தாலும் வயிற்றில் பொத்தான் பூட்டவில்லை.

"பிள்ளைய பெத்துட்டு வாம்மா, அடுத்த படத்துல பார்த்துக்கலாம்" என்று அவளை ஒதுக்கிவிட்டார்கள். சரி, வந்தது வந்தோம், வேடிக்கையாவது பார்ப்போம் என்று அவள் கேமராவுக்குப் பக்கத்தில் ஒரு மரப்பெட்டிமேல் உட்கார்ந்துகொண்டாள்.

உதவி இயக்குநர் ஒலிபெருக்கியில் தொண்டை கிழியக் கத்தினான். "எல்லாரும் மணியைப் பாருங்க! மணியை மட்டும்! எவனாவது கேமராவைப் பார்த்தீங்க, நானே பிடிச்சு ஆத்துல தள்ளுவேன்!"

மணி எழும்பியது. அட்டையும் சுண்ணாம்பும் வைத்துச் செய்த மணிதான், ஆனாலும் பொன்னிறம் பூசி வெயிலில் அது மேலே போனபோது அது அட்டை என்பதையே எல்லாரும் மறந்துபோனார்கள். ஊரே அண்ணாந்தது. ரிம்மாவும்தான், பெட்டியை விட்டு எழுந்து, நுனிக்காலில் நின்று, வாயைப் பிளந்து பார்த்தாள். பிறகு தலை சுற்றியது, தானாகவே உட்கார்ந்துகொண்டாள். அன்று சாயங்காலமே இடியும் மழையுமாகக் கொட்டி மணி ஊறிக் கூழாயிற்று. எடுத்தது எடுத்ததுதான், இன்னொரு தடவை எடுக்க வழியில்லை.

படம் வெளிவந்து ஊர் மன்றத்தில் போட்டபோது கீரா மடியில் தூங்கிக்கொண்டிருந்தாள். மணி எழும்புகிற கட்டம் வந்தது. ஊரே மேலே பார்க்கிறது. முன்வரிசையில், இடது ஓரத்தில், ஒருத்தன் மட்டும் நேராகக் கேமராவை வெறித்துக்கொண்டு நிற்கிறான். சவேலி! மன்றம் சிரித்த சிரிப்பில் குழந்தை வீறிட்டு அழுதது. ரிம்மாவுக்குப் பூமி பிளந்து தன்னை விழுங்கிக்கொள்ளாதா என்றிருந்தது.

ஊர் வாயை மூட உலைமூடி உண்டா? அன்றிலிருந்து அவன் பெயர் 'கேமரா சவேலி' ஆகிவிட்டது. கடைக்குப் போனால், "சவேலி, ரொட்டி இந்தப் பக்கம் இருக்கு, எங்கே பார்க்கிறே?" என்பார்கள். அதற்கப்புறம் எந்த இயக்குநரும் அவனை முன்வரிசையில் நிறுத்தவில்லை. முக்காடு போட்ட துறவி, முதுகைக் காட்டி விறகு சுமக்கிறவன், செத்துக் கிடக்கிற வீரன், இப்படித்தான். வெளியில் சிரித்த ஊரைக்கூட மன்னிக்கலாம். வீட்டுக்குள் ரிம்மா விட்டாளா?

"அப்படி என்ன மூஞ்சிய காட்டணும்னு அவசரம் உனக்கு? பெரிய மன்மதன்!"

"ஏ புள்ள, நான் கேமராவைப் பார்க்கலை."

"பின்னே காக்காயப் பார்த்தியா? ஊரே பார்த்துச்சு உன் லட்சணத்தை."

"சரி விடு, நல்ல மூஞ்சிதானே, நாலு பேர் பார்த்துட்டுப் போகட்டும்" என்று சிரித்துவிட்டு ஏணியைத் தேடிப் போவான். உப்புக் குறைந்த சண்டையானாலும் காசு குறைந்த சண்டையானாலும் அவள் கடைசியில் அங்கேதான் வந்து நிற்பாள்: "எவனாவது கத்திரிக்கோல் எடுத்து உன்னை மட்டும் அந்தப் படத்துலேருந்து வெட்டி எறியணும்!"

பல வருஷம் கழித்து, குளிர் குறைந்திருந்த ஒரு நாளில், தைஸியாவின் கூரையில் அறுந்த கம்பியைச் சரிசெய்து இறங்கிய சவேலி, "கொஞ்சம் உட்கார்றேன்" என்று படியில் உட்கார்ந்தான். அப்புறம் எழுந்திருக்கவில்லை. மனுஷன் சாகும்போதுகூட யாருக்கும் தொந்தரவு கொடுக்கவில்லை.

போனபிறகுதான் ரிம்மாவுக்குத் தெரிந்தது, அவனுடைய அசைவு என்று வீட்டில் ஒன்றுமே இல்லை. போட்டோ என்றாலே மூச்சைப் பிடித்துக்கொண்டு மரக்கட்டையாக நிற்கிறவன் அவன். கண் சிமிட்டுகிற, மூச்சு விடுகிற சவேலி உலகத்திலேயே ஒரே இடத்தில்தான் இருந்தான். மணிப் படத்தில், இடது ஓரத்தில். எப்போதாவது டி.வி.யில் அந்தப் படம் வரும். கோடும் புள்ளியுமாக, மழையில் நனைந்த துணி மாதிரி ஒரு முகம். அவன் உயிரோடு இருந்தபோது அந்தக் கட்டம் வந்தால் முகத்தைத் திருப்பிக்கொண்டவள், இப்போது அதற்காக அடுப்பை அணைத்துவிட்டு வந்து உட்கார்ந்தாள்.

அப்படியிருக்கையில்தான் மாஸ்கோவிலிருந்து வெரோனிகா என்ற பெண் வந்தாள். பழைய மணிப் படத்தைத் துடைத்துப் புதுசாக்குகிற வேலை அவளுடையது. அந்தப் படத்தில் நின்றவர்களைப் பார்த்துப் பேச வேண்டும் என்று வீடு வீடாகப் போனாள். ரிம்மா முட்டைக்கோஸ் வைத்துச் சுட்ட பணியாரத்தையும் தேநீரையும் அவள் முன்னால் வைத்தாள். மூக்கு வேர்த்து தைஸியாவும் வந்து உட்கார்ந்துவிட்டாள்.

"படம் முழுக்கச் சுத்தம் பண்றோம் அத்தை. கோடு, தூசி எல்லாம் போயிடும்" என்றாள் வெரோனிகா, வாய் நிறையப் பணியாரத்தோடு. "அப்புறம் ஒரு தடியன் இருக்கான், மணியைப் பார்க்காம கேமராவையே முறைச்சுக்கிட்டு. அவனையும் எடுத்துடுவோம். பக்கத்துல இருக்கிற தாடிக்காரரைக் கொஞ்சம் இழுத்து விட்டா ஆளே தெரியாது. இப்பதான் கம்ப்யூட்டர்ல எல்லாம் முடியுதே."

"அடிப்பாவி! அந்தத் தடியன் இவ புருஷன்டி!" என்றாள் தைஸியா.

வெரோனிகாவுக்கு விழுங்கவும் முடியவில்லை, துப்பவும் முடியவில்லை. ரிம்மா அவளுக்கு இன்னும் கொஞ்சம் தேநீர் ஊற்றினாள். கத்திரிக்கோல் வரவேண்டும், வரவேண்டும் என்று எத்தனை வருஷம் கூப்பிட்டாள்! இதோ, வந்து அவள் மேஜையிலேயே உட்கார்ந்து பணியாரம் தின்கிறது.

"மன்னிச்சுக்குங்க அத்தை. அந்த இயக்குநர் சாகிற வரைக்கும் இதைச் சொல்லிச் சொல்லிப் புலம்பினாராம். லென்ஸைப் பார்க்கிற கண்ணு ஒண்ணு இருந்தாப் போதும், படத்துல ஒன்றிப்போய்ப் பார்த்துக்கிட்டிருக்கிறவன் விழிச்சுக்குவான். அதனாலதான்."

"அவனை விட்டுடும்மா" என்றாள் ரிம்மா. "வேற எதை வேணும்னாலும் துடைச்சுக்கோ. ஜாரைக்கூடத் தூக்கிடு. எனக்கு அவன் அசையறது அந்த ஒரு இடத்துலதான் இருக்கு."

வெரோனிகா நல்ல பெண். வாக்குக் கொடுக்கவும் மனமில்லை, மறுக்கவும் மனமில்லை. "தூசி தட்டினது கொஞ்சம் கொண்டுவந்திருக்கேன், இன்னும் யாரையும் எடுக்கலை. நாளைக்கு மத்தியானம் மன்றத்துல பெரிய திரையில போட்டுப் பார்க்கப் போறோம். வந்து பாருங்க அத்தை. பார்த்துட்டுப் பேசலாம்" என்றாள்.

ரிம்மா நல்ல கவுனை உடுத்திக்கொண்டு போனாள். தைஸியா அவளுக்கு நேர்ப் பின்னால் உட்கார்ந்தாள். படத்தில் நின்றவர்களில் மிச்சமிருந்தவர்களும் வந்திருந்தார்கள். உப்புப் பனி வெள்ளை வெளேரென்று கண்ணைக் கூசவைத்தது. மணி எழும்பியது. இடது ஓரத்தில் சவேலி நின்றான், நெற்றியில் வழிகிற வியர்வைகூடத் தெரிகிற மாதிரி, முப்பது வயதுக்கார சவேலி. ரிம்மா தன்னையறியாமல் எழுந்து நின்றுவிட்டாள். கட்டம் முடிந்து விளக்கு வந்த பிறகும் நின்றுகொண்டே இருந்தாள்.

"இவன் லென்ஸைப் பார்க்கலை" என்றாள்.

முன்னால் இருந்த வெரோனிகா திரும்பினாள். "என்ன அத்தை?"

"நல்லாப் பாரு. கண்ணு கொஞ்சம் தள்ளிப் போகுது. கேமராவுக்குப் பக்கத்துல ஒரு பெட்டி போட்டிருந்தாங்க. அதுமேல நான்தான் இருந்தேன், கீராவை வயித்துல வச்சுக்கிட்டு."

மன்றத்தில் ஒருத்தரும் சிரிக்கவில்லை. வெரோனிகா படத்தை நிறுத்தி, திரைக்குப் பக்கத்தில் போய் நின்று, சவேலியின் கண்ணை இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும் பார்த்தாள். "ஆமா" என்றாள் கடைசியில். "பழைய பிரதியில கோடும் தூசியுமா இருந்ததால இது தெரியவே இல்லை. லென்ஸைப் பார்க்கலைன்னா இதுல தப்பே இல்லையே அத்தை. கூட்டத்துல ஒரு ஆள் யாரையோ பார்க்கிறார், அவ்வளவுதான்."

"யாரையோ என்ன யாரையோ? பொண்டாட்டிய!" என்று அதட்டினாள் தைஸியா. மூக்கையும் உறிஞ்சிக்கொண்டாள்.

"அவர் இருக்கட்டும் அத்தை. நான் தொடமாட்டேன்."

ரிம்மாவுக்கு ஆறுதலாகத்தான் இருந்தது. ஆனால் அதைவிட வேறொன்று நெஞ்சை அறுத்தது. அன்றைக்கு அவன் பார்த்தது அவளுக்கு எப்படித் தெரியும்? அவளும்தானே ஊரோடு சேர்ந்து மணியைப் பார்த்துக்கொண்டிருந்தாள். கேமராவைப் பார்க்கவில்லை என்று அவன் வாயைத் திறந்து சொன்னானே, காக்காயைப் பார்த்தியா என்று கேட்டாளே.

"இன்னொரு தடவை போடும்மா" என்றாள்.

விளக்கு அணைந்தது. இந்தத் தடவை அவள் மணியின் பக்கமே போகவில்லை, அவன் முகத்தை மட்டும் பார்த்தாள். அவன் வாய் அசைந்தது. படத்தின் இசையில் ஒன்றும் கேட்காது, ஆனாலும் இத்தனை வருஷம் ஒரே மேஜையில் சாப்பிட்டவனுடைய வாய் அவளுக்குப் புரியாதா? புருவத்தைச் சுருக்கி, முகவாயால் கீழே காட்டி, கவலையும் கோபமுமாக எதையோ திரும்பத் திரும்பச் சொன்னான்.

அதே நேரம் பின்னாலிருந்து தைஸியாவின் குரல் வந்தது: "உட்காருடி ரிம்மா, மறைக்குது!"

திரையில் சவேலியும், அன்றைக்கு வயிற்றோடு நுனிக்காலில் நின்றவளைப் பார்த்து, அதையேதான் சொல்லிக்கொண்டிருந்தான். உட்காரு. ஏ புள்ள, உட்காரு.

"உட்கார்ந்துட்டேன்யா" என்று சொல்லி, ரிம்மா நாற்காலியைக் கையால் தடவிப் பிடித்து உட்கார்ந்தாள்.